சுமப்பவரும் சுமக்கப்படுபவரும்

முதுமையைப் பற்றிய திரைப்படங்கள் பெரும்பாலும் நம்மிடம் கண்ணீரைக் கேட்டு வாங்குகின்றன. 1974ஆம் ஆண்டு அமெரிக்காவில் பால் மசூர்ஸ்கி இயக்கி வெளிவந்த ‘ஹாரியும் டோண்டோவும்’ அவ்வாறு கேட்பதில்லை. கதை எளியது. ஹாரி, நியூயார்க் நகரில் மனைவியை இழந்து வாழும் 72 வயது ஓய்வு பெற்ற ஆசிரியர். டோண்டோ அவருடைய பூனை. குடியிருக்கும் கட்டடத்தை இடிக்கப் போகிறார்கள். மூத்த மகன் வீட்டில் சில நாள் தங்கிப் பார்க்கிறார், பொருந்தவில்லை. பூனையைக் கூடையில் வைத்துக்கொண்டு சிகாகோவிலுள்ள மகளிடமும், பின்னர் லாஸ் ஏஞ்சல்ஸிலுள்ள இளைய மகனிடமும் செல்கிறார். அவ்வளவே. ஹாரியாக நடித்த ஆர்ட் கார்னிக்கு 1975இல் சிறந்த நடிகருக்கான ஆஸ்கார் விருது கிடைத்தது. அப்போட்டியில் அல் பசினோவும் ஜாக் நிக்கல்சனும் இருந்தார்கள். கார்னி அப்போது ஐம்பதுகளின் நடுவில் இருந்தவர். 1944இல் நார்மண்டியில் காலில் பட்ட காயத்தால் சற்றுச் சாய்ந்து நடந்தவர். ஹாரியின் நடையில் நாம் காண்பது முழுவதும் நடிப்பன்று.

இப்படத்தைப் பார்க்கும் விசுவாசி ஒருவருக்கு ஓர் ஐயம் எழக்கூடும். பெற்ற பிள்ளைகள் மூவர் இருக்க, ஒரு மனிதர் பூனையிடம் இவ்வளவு அன்பைக் கொட்டுவது சரிதானா? 1992இல் வெளியான கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி, விலங்குகளை நேசிக்கலாம் என்கிறது. ஆனால் மனிதருக்கே உரிய அன்பை அவற்றுக்குத் திருப்பிவிடலாகாது என்றும் எச்சரிக்கிறது (எண் 2418). பூனையைப் பற்றி விவிலியமும் நல்ல சொல் எதையும் சொல்லவில்லை. பாரூக்கு நூலின் 6ஆம் அதிகாரத்தில், சிலைகளின்மேல் வௌவால்களோடு சேர்ந்து அது தலைகாட்டி மறைகிறது. தோபியாவின் பயணத்தில் உடன் சென்ற நாய்க்குக் கிடைத்த பேறு பூனைக்குக் கிடைக்கவில்லை!

அந்த ஐயத்திற்கு மறுமொழி படத்தின் கதைப்போக்கிலேயே இருக்கிறது என்பது நம் கருத்து. விமான நிலையச் சோதனையில் கூடையைக் கைவிட மனமில்லாமையால் ஹாரி விமானத்தைத் துறக்கிறார். பேருந்தில் போகும்போது பூனைக்காக வண்டியை நிறுத்தச் சொல்லி, அது ஓடி மறைய, பேருந்தையும் இழக்கிறார். பழைய கார் ஒன்றை வாங்குகிறார். கார் இருப்பதால் வீட்டைவிட்டு வந்த இளம்பெண் ஒருத்தி அதில் ஏறுகிறாள், பேரனும் சேர்ந்துகொள்கிறான், பாதி மறந்துபோன ஒரு பழைய காதலைத் தேடிச் செல்லவும் வழி பிறக்கிறது. டோண்டோ இல்லையென்றால் ஹாரி சில மணி நேரத்தில் ஊர் போய்ச் சேர்ந்திருப்பார், ஒருவரையும் சந்தித்திருக்கமாட்டார். மனிதருக்குரிய அன்பைப் பூனை பறித்துக்கொள்ளவில்லை. மனிதரிடம் அவரை இட்டுச் செல்வதே அதுதான்.

தொடக்கத்தில் வரும் ஒரு காட்சியையும் இங்கே எண்ணிப் பார்க்க வேண்டும். வீட்டைவிட்டு வெளியேற மறுக்கும் ஹாரியை, அவர் அமர்ந்திருக்கும் நாற்காலியோடு சேர்த்துக் காவலர்கள் தெருவுக்குத் தூக்கி வருகிறார்கள். அவரோ லியர் மன்னனின் வசனங்களை முழங்குகிறார். (மசூர்ஸ்கிக்கு ஷேக்ஸ்பியர்மேல் தீராத பற்று, 1982இல் ‘டெம்பெஸ்ட்’ நாடகத்தையும் தம் போக்கில் படமாக்கினார்.) முதிர்வயதில் பிறர் உன்னை நீ விரும்பாத இடத்திற்குக் கொண்டு செல்வர் என்று உயிர்த்த ஆண்டவர் பேதுருவிடம் கூறியது (யோவா 21:18) நம் நினைவுக்கு வருகிறது. மூத்த மகன் நல்லவரே. எரிச்சலுறும் மருமகளும் கொடியவராகக் காட்டப்படவில்லை. ஆனால் அவ்வீட்டில் பெரியவருக்கு இடம் உண்டு, கடமை இல்லை. எல்லாரும் அவரைச் சுமக்க முன்வருகிறார்கள். அவர் சுமப்பதற்கென்று எஞ்சியிருப்பது அந்தக் கூடை ஒன்றே. முதியோருக்கு நற்கருணை கொண்டு செல்லும் நம்மைப் போன்ற குருக்கள் இதைச் சற்று ஆழ்ந்து சிந்திக்க வேண்டும். அவர்களுக்குக் கொடுப்பதற்கென்றே போகிறோம். அவர்களிடம் ஏதேனும் ஒரு பொறுப்பைக் கேட்டு வாங்கிவர நமக்குத் தோன்றுவதில்லை.

படத்தின் சிகரம் ஜெஸ்ஸியின் காட்சி. ஒரு காலத்தில் இசடோரா டங்கனோடு நடனமாடியவர் இப்போது முதியோர் இல்லம் ஒன்றில், நினைவு கலைந்த நிலையில் இருக்கிறார். தேடி வந்த ஹாரியை வேறொருவர் பெயரால் அழைக்கிறார். ஹாரி திருத்துவதில்லை. இருவரும் மெல்ல ஆடுகிறார்கள். ஜெஸ்ஸியாக வரும் ஜெரால்டின் பிட்ஸ்ஜெரால்டின் கண்களில் நினைவு ஒரு கணம் வந்து, அடுத்த கணம் அகல்கிறது. தம் பெயரை விட்டுக்கொடுத்து இன்னொருவருக்குத் துணை நிற்பது தற்கையளிப்பு அல்லாமல் வேறென்ன?

இந்த உயரத்தில் படம் எப்போதும் நிற்பதில்லை. லாஸ் வேகாஸ் பகுதி தேவைக்கு மேல் விளையாட்டுத்தனமானது. சிறையில் செவ்விந்திய முதியவராக வரும் டான் ஜார்ஜின் கம்பீரம் அதை ஓரளவு மீட்கிறது. வழியில் தோன்றும் சிலர் வேடிக்கைக்காகவே வந்து போகிறார்கள். டி சிக்காவின் ‘உம்பெர்த்தோ டி’ (1952) படத்தில் ஒரு முதியவரையும் அவருடைய நாயையும் வறுமை நெருக்கிய அந்த நெருக்கம் இங்கே இல்லை. ஹாரியிடம் செலவுக்குப் பணம் இருக்கிறது. பயணத்தின் நகைச்சுவைக்கு அதுவும் ஒரு காரணம். இதை மறந்து இப்படத்தை முதுமையின் முழு உண்மை என்று கொண்டாடுவது பொருந்தாது.

காரைப் பேரனிடமும் அந்தப் பெண்ணிடமும் கொடுத்துவிட்டு, ஹாரி தனியே மேற்கு நோக்கிப் போகிறார். லாஸ் ஏஞ்சல்ஸில், வெற்றி பெற்றவனைப் போல் நடித்துக்கொண்டிருந்த இளைய மகன் எட்டி, கடனும் தோல்வியுமாகத் தந்தையிடம் உடைந்து அழுகிறான். ஊதாரி மகனின் உவமையில் மகன் திரும்பி வருகிறான். இங்கே தந்தைதான் ஒரு கண்டத்தைக் கடந்து வந்திருக்கிறார்.

அதன்பின் டோண்டோ நோயுறுகிறது. கால்நடை மருத்துவமனையில் கூண்டருகே அமர்ந்து, ஹாரி தாழ்ந்த குரலில் அதற்கு ஒரு பழைய பாட்டைப் பாடுகிறார். பிறகு விடை சொல்லி எழுகிறார். இசையும் அழுகையும் நம்மை நெருக்காத இக்காட்சிக்காகவே மசூர்ஸ்கியின் பல குறைகளைப் பொறுக்கலாம்.

கடற்கரையில் ஒரு நாள், டோண்டோவைப் போன்றே ஒரு பூனை ஓடுவதைக் கண்டு ஹாரி பின்னால் விரைகிறார். அது டோண்டோ அன்று. பக்கத்தில் ஒரு குழந்தை மணலில் கோட்டை கட்டிக்கொண்டிருக்கிறது. கையில் கூடையின்றி அவர் அங்கே நிற்கிறார். அந்தப் பூனையை அவர் எடுத்துச் செல்வாரா என்று படம் சொல்லவில்லை.