கோடல் சபையில் இல்லைதானே?

1970 ஜனவரியில் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் தத்துவவாதி சால் கிரிப்கி மூன்று உரைகள் நிகழ்த்தினார். அப்போது அவருக்கு வயது 29. எழுதிவைத்த உரை கிடையாது, குறிப்புத்தாள்கூடக் கிடையாது. ஒலிப்பதிவிலிருந்து இறக்கி எழுதியதை 1972-இல் ஒரு தொகைநூலில் சேர்த்தார்கள். 1980-இல் தனிநூலாக வந்தது, ‘பெயரிடலும் அவசியமும்’ என்ற தலைப்பில். ஒரு பெயர் எப்படி ஒரு ஆளைப் போய்த் தொடுகிறது என்பது அதன் விசாரணை. வாதம் பெரிய வாதம்தான். ஆனால் எனக்கு அதில் தித்திப்பது உதாரணங்கள். கிரிப்கி உதாரணம் அமைக்கிற விதத்தில் ஒரு நல்ல சிறுகதைக்காரனின் சிக்கனம் இருக்கிறது.

அவர் எதிர்த்த கொள்கையை இரண்டு வரியில் சொல்லிவிடலாம். பெயர் என்பது விவரங்களை மடித்துவைத்த பொட்டலம். ‘அரிஸ்டாட்டில்’ என்று சொல்லும்போது ‘பிளாட்டோவின் மாணவர், அலெக்சாண்டரின் ஆசான்’ என்பதுபோல ஏதோ ஒன்று உள்ளே இருக்கிறது. அந்த விவரத்துக்கு யார் பொருந்துகிறாரோ அவரே அந்தப் பெயருக்கு உரியவர். ஃபிரேகெ 1892-இல் எழுதிய கட்டுரையிலிருந்து, ரஸ்ஸல் வழியாக, 1958-இல் ஜான் சர்ல் ‘ஒரு விவரம் அல்ல, விவரக் கொத்து’ என்று திருத்தியது வரை, இந்தக் கட்சிதான் செல்வாக்கோடு இருந்தது.

இரண்டாம் உரையில் அந்தக் கதை வருகிறது. கர்ட் கோடல் என்றால் பலருக்கும் தெரிந்தது ஒன்றே ஒன்று: முழுமையின்மைத் தேற்றத்தை நிறுவியவர். அந்தத் தேற்றத்தை உண்மையில் கண்டவர் ஷ்மிட் என்று ஒருவர் என வைத்துக்கொள்ளச் சொல்கிறார் கிரிப்கி. பல வருஷங்களுக்கு முன் வியன்னாவில் ஷ்மிட்டின் சடலம் மர்மமான நிலையில் கிடைத்தது. கையெழுத்துப் பிரதி எப்படியோ நண்பர் கோடலிடம் போய்ச் சேர, பெயரும் அவருக்கே போயிற்று. இதைத் தொடங்கும்போதே, அப்பட்டமான கற்பனை என்று முன்ஜாமீன் வாங்கிக்கொள்கிறார். கூடவே, பேராசிரியர் கோடல் சபையில் இருந்துவிடக் கூடாதே என்ற கவலையையும் போகிறபோக்கில் அடைப்புக்குறிக்குள் சொல்லிவைக்கிறார்.

அந்தக் கவலை பொய்யானதல்ல. கோடல் அப்போது உயிரோடிருந்தார். அதே பிரின்ஸ்டனில், உயர் ஆய்வு நிறுவனத்தில்தான் இருந்தார். 1978 ஜனவரியில்தான் காலமானார். கதவைத் திறந்துகொண்டு அவர் உள்ளே வந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசித்துத்தானே கேட்டவர்கள் சிரித்திருப்பார்கள்? திருட்டுப் பட்டம் கட்டினால் கோபம் யாருக்கு வரும்? அந்த ஊரில் நடமாடுகிற மனிதருக்கு. கதை ஆரம்பிக்கும் முன்பே, தேற்றத்தை யார் நிறுவினார்கள் என்ற கவலை இல்லாமல், ‘கோடல்’ என்ற பெயர் அந்த மனிதரோடு முடிச்சுப் போட்டுக்கொண்டுவிடுகிறது. இது நிரூபணம் ஆகாது. கதைக்கு வெளியே தேற்றத்தை நிறுவியவரும் கோடல்தானே என்று எதிர்க்கட்சிக்காரர் மடக்கலாம். மடக்கட்டும். ஆனால் வாதம் போகவேண்டிய திசைக்கு நம் காதைத் திருப்பிவிட ஒரு அடைப்புக்குறி போதுமாயிருக்கிறது.

உறுப்பு உறுப்பாகப் பாருங்கள். ஏன் ஐன்ஸ்டைன் இல்லை? அவரைப் பற்றி வயலின், கலைந்த தலைமுடி என்று பத்து விஷயம் எல்லோருக்கும் தெரியும். ஒன்றை உருவினால் மற்றது தாங்கும். கோடலுக்கு இருப்பதோ ஒற்றைத் தூண். அதைத் தட்டிவிட்டால் விவரக் கொள்கைக்குப் பற்றிக்கொள்ள வேறொன்றும் இல்லை. ஷ்மிட் என்பது ஜெர்மன் பேசும் ஊர்களில் தெருவுக்கு நாலு பேருக்கு இருக்கக்கூடிய பெயர். அதற்கு முகமே கிடையாது. அவர் செத்தாக வேண்டும். உயிரோடிருந்தால் வழக்குப் போடுவார், பத்திரிகையில் எழுதுவார், நமக்கு இன்னொரு விவரம் கிடைத்துவிடும். கொலை என்று எங்கும் சொல்லவில்லை, ‘மர்மம்’ என்பதோடு நிறுத்திக்கொள்கிறார். மீதியை நம் மனம் பார்த்துக்கொள்கிறது. வியன்னா மட்டும் அசல். 1931-இல் அச்சான அந்தத் தேற்றம் அங்கே உருவானதுதான். பொய்யை நிஜமான தரையில் நிறுத்த வேண்டும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது.

இப்போது கணக்கைத் தீர்க்கிறார். பொட்டலக் கொள்கை சரியென்றால், இத்தனை நாளாக ‘கோடல்’ என்று சொன்னவர்கள் எல்லாம் தங்களுக்கே தெரியாமல் ஷ்மிட்டைச் சொல்லிக்கொண்டிருந்தார்கள் என்று ஆகும். அப்படியா? கோடலைப் பற்றித் தப்பாக நினைத்திருந்தோம் என்றுதான் யாரும் சொல்வார்கள்.

கற்பனைதானே என்று நாம் சாய்ந்து உட்காரும்போது கணிதர் பேயானோவை எடுத்து மேஜைமேல் வைக்கிறார். எண்களுக்கான அடிகோள்களுக்குப் பேயானோ பெயரே நிலைத்துவிட்டது. அவை 1889-இல் வந்தன. ஆனால் டெடகிண்ட் 1888-இலேயே அந்த வேலையைச் செய்துவிட்டார்; பேயானோவே தம் நூலில் டெடகிண்டைக் குறிப்பிட்டிருக்கிறார். ஆக ஷ்மிட் கதை உண்மையிலேயே நடந்திருக்கிறது, சடலம் இல்லாமல், திருட்டும் இல்லாமல். கற்பனை முதலில், நிஜம் பிறகு என்ற இந்த வரிசையை மாற்றிப் பாருங்கள், பாதி பலம் போய்விடும். பேயானோவை முதலில் சொல்லியிருந்தால் கணித வரலாற்றுத் தகவல் என்று காதில் வாங்கிவிட்டுப் போயிருப்போம்.

இன்னோர் உதாரணமாக, முதல் உரையின் ஓர் அடிக்குறிப்பில் ஹம்ஃப்ரி வருகிறார். 1968 நவம்பரில் அமெரிக்க அதிபர் தேர்தலில் நிக்சனிடம் ஒரு சதவீதத்துக்கும் குறைவான வாக்கு வித்தியாசத்தில் தோற்றவர். கிரிப்கி பேசும்போது அந்தப் புண் ஆறியிருக்காது. ‘ஹம்ஃப்ரி ஜெயித்திருக்கலாம்’ என்றால் என்ன அர்த்தம்? வேறொரு சாத்திய உலகத்தில் ஹம்ஃப்ரி மாதிரியே இருக்கும் அவருடைய சாயல்காரர் ஒருவர் ஜெயிக்கிறார் என்பது டேவிட் லூயிஸின் விளக்கம். அந்தச் சாயல்காரர் எவ்வளவுதான் ஒத்திருக்கட்டுமே, அவர் ஜெயித்தால் ஹம்ஃப்ரிக்கு என்ன வந்தது என்று கேட்கிறார் கிரிப்கி. லூயிஸ் தரப்பில் இதற்குப் பதில் உண்டு, நல்ல பதிலும்கூட. இருந்தாலும் நூல் நூலாகப் பின்னிய தர்க்கத்துக்கு நடுவே தோற்ற வேட்பாளரின் மனத்தாங்கலை ஒரு சாட்சியாகக் கூப்பிட்டிருக்கிறாரே, அதை மறக்க முடியவில்லை.

இந்த ருசி கிரிப்கியோடு ஆரம்பிக்கவில்லை. 1843-இல் ஜான் ஸ்டூவர்ட் மில் டார்ட்மத் என்ற ஊரைக் காட்டினார். டார்ட் ஆற்றின் முகத்துவாரத்தில் இருப்பதால் அந்தப் பெயர். ஆறு திசை மாறி வேறெங்கோ போய்க் கலந்தாலும் ஊர் டார்ட்மத்தாகவே இருக்கும். பெயர் என்பது அடையாளக் கீறல் என்று சொல்ல அவர் எடுத்துக்கொண்டதோ அலிபாபா கதை. திருடன் ஒரு வீட்டுக்குச் சுண்ணக்கட்டியால் குறிபோடுகிறான். அலிபாபா வீட்டுப் பணிப்பெண் மார்ஜியானா எல்லா வீட்டுக்கும் அதே குறியைப் போட்டுவிடுகிறாள். குறி வீட்டைப் பற்றி எதுவும் சொல்வதில்லை என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி யார் கொண்டுவருவார்?

பிற்பாடு ஒரு விபரீதமும் நடந்தது. கிரிப்கியின் மூலக் கருத்துகள் ரூத் பார்கன் மார்க்கஸுடையவை என்று 1990-களில் குவென்டின் ஸ்மித் கிளப்பினார். 1962-இல் பாஸ்டன் கருத்தரங்கில் மார்க்கஸ் தம் கட்டுரையை வாசித்தபோது நடந்த விவாதத்தில் இளைஞர் கிரிப்கியும் இருந்தது உண்மை. பெயர் வெறும் ஒட்டுச்சீட்டு என்று மார்க்கஸ் சொன்னதும் உண்மை. ஸ்காட் சோம்ஸ் முதலானவர்கள் ஸ்மித்தின் குற்றச்சாட்டை மறுத்தார்கள். எனக்கும் சோம்ஸ் பக்கம்தான் நியாயம் படுகிறது. ஆனால் ஸ்மித் சொன்னதே சரியென்று வைத்துக்கொண்டாலும், இந்தப் பத்தி முழுக்கக் ‘கிரிப்கி’ என்று நான் எழுதியது கிரிப்கியைத்தான்.

விவரக் கொள்கைக்கு மாற்றாகக் கிரிப்கி வைத்த சித்திரம் எளிது. யாரோ பெயர் வைக்கிறார்கள். அது வாய்க்கு வாய் கைமாறி நம்மிடம் வருகிறது. அந்தச் சங்கிலிதான் நம்மை அந்த ஆளிடம் கொண்டுசேர்க்கிறது. இதைக் கொள்கை என்று சொல்ல அவர் கூசுகிறார். கொள்கையாக இருந்தால் இதுவும் தப்பாகத்தான் இருக்கும் என்கிறார். இந்தச் சித்திரத்துக்கு எதிராக 1973-இல் கேரத் எவன்ஸ் ஒரே ஒரு பெயரைக் கொண்டுவந்து போட்டார்: மடகாஸ்கர். ஆதியில் அது ஆப்பிரிக்கப் பெருநிலத்தில் ஒரு பகுதியின் பெயர். மார்க்கோ போலோ கடலோடிகள் சொன்னதைத் தப்பாகப் புரிந்துகொண்டு தீவுக்கு அதைச் சூட்டிவிட்டார். சங்கிலி அறவே அறுபடவில்லை, யாரும் புதிதாகப் பெயர் வைக்கவும் நினைக்கவில்லை. பெயர் மட்டும் கடல் தாண்டிப் போய்விட்டது. கிரிப்கி நூலின் பிற்சேர்க்கையில் இதைச் சொல்லி, விரிவாகப் பேச வேண்டிய விஷயம் என்று ஒப்புக்கொண்டு, அதோடு விட்டுவிட்டார்.