பன்னீர்க்காரரின் பெயர்

கல்யாண வீட்டு வாசலில் பன்னீர்ச்செம்பைக் குலுக்கித் தெளிப்பார்களே, அந்த மணத்தை மனதில் வைத்துக்கொண்டு ஒரு அரபுக் குடும்பப் பெயரை நிதானமாகச் சொல்லிப் பாருங்கள்: மாவர்தீ.

11ஆம் நூற்றாண்டில் பாக்தாதில் பெரும் நீதிபதியாக இருந்தவரின் பெயர் அது. பஸ்ராவில் பிறந்து 1058இல் மறைந்தவர். ஆட்சியாளரின் கடமைகள் என்ன, அரசு எப்படி நடக்க வேண்டும் என்று ‘அல்-அஹ்காம் அஸ்-சுல்தானிய்யா’ என்ற நூலில் எழுதிவைத்தார். சட்டத்தின் கனத்தையெல்லாம் சுமந்த அந்த மனிதரின் பெயரைப் பிரித்தால் உள்ளே ஒரு பூ இருக்கிறது. ‘மா’ என்றால் நீர், ‘வர்த்’ என்றால் ரோஜா. இரண்டும் சேர்ந்தால் பன்னீர்.

கடைசியில் நிற்கும் ‘ஈ’யைக் கவனியுங்கள். அரபுக் குடும்பப் பெயர்களின் சூட்சுமமே அதில்தான். நம் ‘காரர்’ செய்யும் வேலையை அது செய்கிறது. மதுரைக்காரர் என்றால் ஊர் தெரிகிறது, பூக்காரர் என்றால் தொழில் தெரிகிறது. அந்த ‘ஈ’யும் ஊர், தொழில், குலம் என எதிலும் ஒட்டிக்கொள்ளும். மாவர்தீ என்றால் பன்னீர்க்காரர்; பன்னீர் வியாபாரம் செய்த குடும்பம்.

பூப்பெயர் என்றதும் அழகுதான் நம் நினைவுக்கு வரும். இந்தப் பெயரில் உழைப்பை நினைக்க வேண்டும். வெயில் ஏறினால் மணம் போய்விடும் என்பதால் ரோஜாவை விடியற்காலையிலேயே பறிப்பார்கள். இதழ்களைச் செம்புப் பாத்திரத்தில் தண்ணீரோடு போட்டு, மூடி, இளந்தீயில் வைப்பார்கள். ஆவி குழாயில் ஏறிக் குளிர்ந்து சொட்டுச் சொட்டாக இறங்கும். நம் சித்த மருத்துவர்கள் வாலையில் ஓமத் தீநீர் வடிப்பதும் இதே முறைதான். தீ கூடினால் தீய்ந்த வாடை வந்துவிடும். பக்கத்திலேயே உட்கார்ந்திருக்க வேண்டும். இராக்கின் பெரிய சமூகவியலாளர் அலீ அல்-வர்தீயின் (1913–1995) முன்னோரும் இப்படிப் பன்னீர் வடித்தவர்கள். பேரன் பேராசிரியரான பிறகும் அடுப்படியின் மணம் பெயரைவிட்டுப் போகவில்லை.

அடுத்து, எழுத்தைக் கண்ணால் பாருங்கள். அரபு படிக்கத் தெரிய வேண்டும் என்பதில்லை. அரபு எழுத்துகள் பொதுவாகக் கைகோத்துக்கொண்டு போகும். ஆனால் வாவ், ரா, தால் மூன்றும் தமக்கு அடுத்து வரும் எழுத்தோடு சேராதவை. ‘வர்த்’ என்ற சொல்லில் இருப்பவை இந்த மூன்று எழுத்துகளே. ஒன்றையொன்று தொடாமல், உதிர்ந்த இதழ்கள் போலத் தனித்தனியாகக் கிடக்கும். ஒருமுறை கண்ணில் பட்டுவிட்டால், கடைப் பலகையில்கூட அந்த ரோஜாவை அடையாளம் கண்டுவிடலாம்.

பூமணம் வீசும் பெயரெல்லாம் பூவிலிருந்தே நேராக வந்துவிடுவதில்லை. அறுவை மருத்துவத்தின் முன்னோடி ஸஹ்ராவீயை எடுத்துக்கொள்ளுங்கள். ‘ஸஹ்ர்’ என்றால் மலர் என்பது சரிதான். ஆனால் அவர் பெயரில் உள்ள ‘ஈ’ ஊரைக் காட்டுகிறது. மூன்றாம் அப்துர் ரஹ்மான் 936 வாக்கில் கொர்தோபாவுக்கு அருகே எழுப்பத் தொடங்கிய மதீனத்துஸ் ஸஹ்ராதான் அந்த ஊர். ‘ஸஹ்ரா’ என்றால் ஒளிர்பவள். மலர்வதற்கும் ஒளிர்வதற்கும் அரபியில் வேர் ஒன்றே. எனக்கு இந்த மொழியில் மிகவும் பிடித்த வேர் இது. நாமும் ‘முகம் மலர்ந்தது’ என்றுதானே சொல்கிறோம், அப்போது முகத்தில் தெரிவது ஒளி அல்லவா!

இனி, பன்னீரைக் குறிக்கும் சொற்கள் எங்கெல்லாம் போயிருக்கின்றன என்று பின்தொடர்ந்து பாருங்கள். பாரசீகத்தில் ‘குல்’ பூ, ‘ஆப்’ நீர். ‘குலாப்’ என்பது பன்னீரைக் குறித்து, பிறகு வடஇந்தியாவில் ரோஜாவுக்கே பெயரானது. குலாப் ஜாமூனில் இருப்பது அதே குலாப். மலாய் மொழியிலும் இதுவே நடந்தது. அரபியின் ‘மாவர்த்’ அங்கே ‘மாவார்’ ஆகி, ரோஜாவின் பெயராகிவிட்டது. பன்னீருக்கு மறுபடி ஒரு சொல் தேவைப்பட்டபோது, நீரைக் குறிக்கும் ‘ஆயர்’ என்ற சொல்லை முன்னால் சேர்த்தார்கள். மலேசியத் தமிழர்கள் கடையில் வாங்கும் ‘ஆயர் மாவார்’ புட்டியைப் பிரித்துப் படித்தால் நீர், நீர், ரோஜா.