முதுமைக்குக் காரணம் வயசுதானா?

"வயசாயிடுச்சு, இனிமே அப்படித்தான்." பெரியவர்களின் முழங்கால் வலிக்கும் மறதிக்கும் நம் வீடுகளில் கிடைக்கும் பதில் இதுதான். வயசு என்பது உண்மையில் ஒரு காரணமா, அல்லது காரணம் தெரியாத இடத்தில் நாம் ஒட்டிவைக்கும் சீட்டா? அறிவியலார் நூறாண்டுக்கும் மேலாக இதற்கு விடை தேடி வருகின்றனர். அவர்களின் கொள்கைகளைச் சற்றே உரசிப் பார்ப்போம்.

ஜெர்மானிய அறிஞர் ஆகஸ்ட் வைஸ்மன் 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில், தேய்ந்துபோன முதியவை இளையவற்றுக்கு வழிவிடவே முதுமையும் சாவும் தோன்றின என்றார். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் முதியவை ஏன் தேய்ந்தன என்பதுதானே கேள்வி! அதையே விடையாகச் சொன்னால் எப்படி? மேலும், காட்டில் பெரும்பாலான உயிர்கள் முதுமையை எட்டுமுன்பே இரையாகிவிடுகின்றன.

அடுத்து செல்களுக்கு வருவோம். நோபல் பரிசு பெற்ற அலெக்சிஸ் கேரல் 1912இல் கோழிக்கருவின் இதயத் திசுவை வளர்க்கத் தொடங்கினார். அது 34 ஆண்டுகள் வளர்ந்ததால் செல்லுக்குச் சாவில்லை என்று உலகம் நம்பியது. 1961இல் லியோனார்ட் ஹேஃபிளிக், பால் மூர்ஹெட் இருவரும் மனித செல்கள் ஏறத்தாழ 50 முறை பிரிந்ததும் நின்றுவிடுவதைக் காட்டினர். கேரலின் முடிவை வேறு யாராலும் திரும்பப் பெற முடியவில்லை. பெரிய பெயருக்கு முன்னால் கேள்வி கேட்கத் தயங்கினால் என்ன ஆகும் என்பதற்கு இது ஒரு பாடம்.

செல் பிரிவது நிற்பதற்குக் காரணம், குரோமோசோம் முனையிலுள்ள டெலோமியர் ஒவ்வொரு பிரிவின்போதும் குட்டையாவது. இத்துறைக்கு 2009இல் நோபல் பரிசும் கிடைத்தது. ஆனால் ஆய்வக எலியின் டெலோமியர் நம்முடையதைவிட நீளம். அதன் ஆயுளோ இரண்டு மூன்று வருஷம்தான். மூளையின் நரம்பு செல்கள் பெரும்பாலும் பிரிவதே இல்லை, அவையும் மூப்படைகின்றன. ஆகவே இது கதையின் ஒரு பகுதிதான், முழுக்கதை அல்ல.

1956இல் டென்ஹாம் ஹார்மன் சொன்னது ஃப்ரீ ராடிகல் கொள்கை. இரும்பு துருப்பிடிப்பதுபோல் ஆக்சிஜன் வழியாக உடல் சேதமாகிறது என்பது அதன் சாரம். சேதம் உண்மைதான். அப்படியானால் ஆன்ட்டிஆக்சிடன்ட் மாத்திரை போட்டால் சரியாகிவிடுமா? ஃபின்லாந்தில் புகைபிடிக்கும் 29,133 ஆண்களிடம் நடந்த சோதனையின் முடிவு 1994இல் வெளிவந்தது. பீட்டா கரோட்டின் சாப்பிட்டவர்களிடையே நுரையீரல் புற்றுநோய் 18 சதவீதம் அதிகமாக இருந்தது! கொள்கையிலிருந்து மருந்துக்கடைக்கு ஒரே தாவலில் போகக் கூடாது என்பதற்கு வேறென்ன சான்று வேண்டும்?

இவையெல்லாம் 'எப்படி' என்ற கேள்விக்கான விடைகள். 'ஏன்' என்பதற்குப் பீட்டர் மெடாவர் (1952), ஜார்ஜ் வில்லியம்ஸ் (1957), தாமஸ் கிர்க்வுட் (1977) ஆகியோர் பரிணாமத்தின் வழியே விடை தேடினர். மாதச் சம்பளக் குடும்பம்போல உடலுக்கும் வரவு அளவானது. பிள்ளைப்பேற்றுக்கும் பழுதுபார்ப்புக்கும் அதைப் பங்கிட வேண்டும். எப்படியும் சீக்கிரம் இரையாகப் போகும் எலி, பழுதுபார்க்க ஏன் செலவழிக்க வேண்டும்? பறந்து தப்பிக்கும் பிராண்ட் வௌவால் எலியைவிடச் சிறியது. ஆனாலும் 41 ஆண்டுகள் வாழ்ந்ததாகப் பதிவுண்டு. என் மதிப்பீட்டில் மிக வலுவான கொள்கை இதுதான். ஆனால் எந்த உறுப்பில் எதைச் சரிசெய்வது என்று இது மருத்துவருக்குச் சொல்வதில்லை. அது இதன் குறை.

நம் நாட்டின் பங்கும் உண்டு. காசி இந்துப் பல்கலைக்கழகத்தின் எம்.எஸ். கனுங்கோ, இனப்பெருக்கப் பருவத்துக்குப் பின் மரபணுக்களின் இயக்கம் மாறுவதே மூப்புக்குக் காரணம் என்று 1975இல் முன்வைத்தார். மரபணுக்களின் இயக்கம் வயதோடு மாறுவது இன்றைய ஆய்வுகளிலும் முக்கியமான பொருள்.

ஆக, முதுமைக்கு ஒற்றைக் காரணம் இல்லை. ஆகவே ஒற்றை மாத்திரையும் இல்லை. இளமையைத் திருப்பித் தருவதாகச் சொல்லும் டப்பாக்களை வாங்குமுன் இதை நினைவில் கொள்ளலாம். அதே சமயம், எல்லாவற்றையும் வயசின் தலையில் கட்டுவதும் தவறு. அப்பாவின் மறதிக்கு தைராய்டு குறையோ பி12 வைட்டமின் பற்றாக்குறையோகூடக் காரணமாக இருக்கலாம். இரண்டுக்கும் சிகிச்சை உண்டு. "அப்படித்தான்" என்று சொல்வதற்கு முன்னால் ஒரு ரத்தப் பரிசோதனை செய்து பார்த்துவிடலாமே.