உளுத்துப்போன கோடரிக் காம்பு

காலத்தின் கதி ஸ்தம்பித்துப்போன ஓர் இடத்தைக் கற்பனை செய்வதில் உலகத்துக் கதாசிரியர்களுக்கு ஆதிநாள் தொட்டே தீராத ஆசை இருந்துவந்திருக்கிறது. ஆயினும் அக்கதைகளைச் சேர்த்து வைத்துப் படிக்கும்போது ஒரு விசேஷம் தென்படுகிறது: அந்த இடத்தின் வர்ணனை எந்தக் கதையிலும் அத்தனை சுவாரசியமாய் இருப்பதில்லை, பொன் மாளிகையையும் வாடாத மலரையும் ஒரு தேசத்துக் கதையிலிருந்து இன்னொன்றுக்குப் பெயர்த்து வைத்தாலும் வித்தியாசம் தெரியாது. கதைக்கு உயிர் வருவது, உள்ளே போனவன் வெளியே வரும்போதுதான்.

நமக்குப் பழக்கமான உதாரணம் ககுத்மி ராஜாவின் கதை. மகள் ரேவதிக்குத் தகுந்த வரன் யாரென்று பிரம்மாவையே கேட்டுவிடலாமென அவளையும் அழைத்துக்கொண்டு பிரம்மலோகம் போன அந்த ராஜா, அங்கே நடந்துகொண்டிருந்த கந்தர்வ கானம் முடியட்டும் என்று மரியாதையாகக் காத்திருக்கிறான். பாட்டு முடிந்து, தன் மனத்திலிருந்ததை அவன் விண்ணப்பித்ததும் பிரம்மா சிரிக்கிறார். ஏனெனில் அதற்குள் பூலோகத்தில் 27 சதுர்யுகங்கள் கழிந்து, அவன் நினைத்திருந்த பிள்ளைகள் மட்டுமன்றி அவர்களுடைய கோத்திரத்தின் பேச்சே இல்லாமற் போய்விட்டது. விஷ்ணு புராணம் இதோடு விடவில்லை. யுகங்கள் மாறியதில் மனிதர் குறுகிப்போய்விட்டதால், பழைய யுகத்து உயரத்தோடு வந்து நின்ற ரேவதியைப் பலராமர் தம் கலப்பை நுனியால் தாழ்த்தி மணந்துகொண்டார் என்கிறது. கல்யாணக் கதைக்குள் இப்படி ஓர் அளவுக் கணக்கை நுழைத்த புராணிகரின் குறும்பு சாமானியமானதன்று.

ஜப்பானியரின் உரஷிமா, கடலடி அரண்மனையில் மூன்றாண்டு சுகித்துவிட்டுக் கரையேறினால் ஊரில் முந்நூறு ஆண்டுகள் கடந்திருக்கின்றன. திறக்கலாகாது என்று இளவரசி கொடுத்தனுப்பிய பெட்டியைத் திறந்த கணமே கிழவனாகிறான். அதுபோன்றதொரு தேசத்திலிருந்து ஊர் திரும்பும் அயர்லாந்தின் ஓஷீன் குதிரையை விட்டு இறங்கக் கூடாது. சேணத்திலிருந்து தவறித் தரையில் விழுந்ததும் அவனுக்கும் அதே கதி. இரண்டிலும் ஒரு நிபந்தனையும் ஒரு மீறலும் வந்து, கதையைச் சற்றே நீதிபோதனையாக்கிவிடுகின்றன.

சீனத்து விறகுவெட்டி வாங் ஜியின் கதையில் அந்தக் குறையும் இல்லை. மலையில் சிறுவர் சிலர் காய் வைத்து ஆடிக்கொண்டிருப்பதைக் கண்டு, கோடரியைக் கீழே வைத்துவிட்டு, அவர்கள் கொடுத்த இலந்தைக் கொட்டை போன்ற ஒன்றை வாயிலிட்டுக்கொண்டு, பசி தெரியாமல் ஆட்டம் பார்த்துக்கொண்டிருந்தவன், 'இன்னும் போகவில்லையா?' என்று கேட்கப்பட்டுத் திரும்பினால் கோடரியின் மரக் காம்பு உளுத்துக் கிடக்கிறது. அவன் செய்த குற்றம் எதுவுமில்லை. வேடிக்கை பார்த்தான், அவ்வளவே. கழிந்த காலத்தின் அளவை, அவன் வீட்டிலிருந்து கொண்டுவந்த பொருளே சொல்லிவிடுகிறது. இந்த வகைக் கதைகளில் இதற்கு மேற்பட்ட ஒன்றை நான் படித்ததில்லை. அவ்விளையாட்டுக்கே சீனத்தில் 'உளுத்த காம்பு' என்ற பொருளில் ஒரு பெயர் வழங்குகிறது.

தாவ் யுவான்மிங் எழுதிய பீச் மலர் ஓடைக் கிராமத்தையும் சிலர் இந்த வரிசையில் சேர்ப்பதுண்டு. எனக்கு அது சம்மதமில்லை. அங்கே உழுகிறார்கள், பயிர் விளைகிறது, கிழவரும் குழந்தைகளும் இருக்கிறார்கள். ராஜ்யங்கள் மாறிய செய்தி மட்டுந்தான் எட்டவில்லை.

நாவலாசிரியர்களில் டிக்கன்ஸ், மணநாளில் கைவிடப்பட்ட மிஸ் ஹாவிஷாமின் வீட்டுக் கடிகாரங்களை எட்டு நாற்பதில் நிறுத்திவைத்தாரே தவிர, கல்யாணக் கேக்கில் சிலந்தி கூடு கட்டுவதை நிறுத்தவில்லை. நிறுத்தாததுதான் அவருடைய மேதைமை.

இவர்களுக்குப் பின் 1933-ல் வந்த ஜேம்ஸ் ஹில்டனின் 'லாஸ்ட் ஹொரைசன்' நாவல் புகழில் எல்லாவற்றையும் விஞ்சிவிட்டது. திபெத்திய மலைகளுக்கிடையே ஷாங்ரி-லா என்ற மடம். அதன் தலைவர் 1681-ல் லக்ஸம்பர்கில் பிறந்த பாதிரியார். குளியல் தொட்டியோ அமெரிக்காவின் ஓஹையோ மாகாணத்திலிருந்து வந்தது. திபெத்தில் ஒரு சொர்க்கத்தை ஸ்தாபிக்கக்கூட ஐரோப்பியர் ஒருவர் வேண்டியிருந்தது போலும்! நூலகமும் சங்கீதமும் வெந்நீரும் நிறைந்த அந்த மடத்தில் காலம் நிற்பதுகூட இல்லை, சிக்கனமாகச் செலவழிக்கப்படுகிறது. நடுப்பகுதி முழுவதும் எனக்கு ஒரு நல்ல கிளப்பின் விவரணை போலவே பட்டது. ஆனால் கடைசிப் பக்கம் நாவலைக் காப்பாற்றிவிடுகிறது: பள்ளத்தாக்கைவிட்டு வெளியேறிய கதாநாயகன் கான்வேயை ஆஸ்பத்திரியில் கொண்டுவந்து சேர்த்த சீனப் பெண் இளம்வயதினளா என்று கேட்டால், தாம் பார்த்தவர்களிலெல்லாம் அதிக வயதானவள் அவள்தான் என்கிறார் டாக்டர். மடத்தில் கன்னிப்பெண்ணாய்ப் ஹார்ப்ஸிகார்ட் வாசித்தவள் அவளே என்று ஹில்டன் சொல்லாமல் விட்டிருப்பது உத்தமமான காரியம். கோடரிக் காம்பு வேறொரு வேஷத்தில் வந்திருக்கிறது.

2001-ல் சீன அரசு, யுன்னான் மாகாணத்து ஷோங்தியன் என்னும் ஊருக்கு ஷாங்ரி-லா என்றே பெயர் மாற்றியது. 2014 ஜனவரியில் அவ்வூரின் பழைய மர வீடுகளில் பெரும்பகுதி ஒரே இரவில் தீக்கிரையாயிற்று.