நோபிள் ஜான்ஸனின் வேடங்கள்

படக்காட்சிக்குச் செல்வோர் கதாநாயகன் பெயரை அறிவர். துணைப் பாத்திரம் தாங்குபவரின் பெயரை வினவுவோர் அரியர். அவ்வாறு மறக்கப்பட்டவருள் ஒருவர், அமெரிக்கக் கறுப்பினத்தவரான நோபிள் ஜான்ஸன் (1881–1978).

1922-இல் ராபின்ஸன் குரூஸோவின் பணியாள் பிரைடேயாக நடித்தார். 1932-இல் 'தி மம்மி' படத்தில் நூபியர். அவ்வாண்டே 'தி மோஸ்ட் டேஞ்சரஸ் கேம்' படத்தில் வெள்ளைப் பூச்சுடன் ருஷியக் கோசாக்கியர். 1933-இல் 'கிங் காங்' படத்தில் தீவின் தலைவர். அங்கு அவர் பேசுவது புனைந்த மொழி. எனினும் நிமிர்ந்த நிலையிலும் கையசைவிலும் ஆணை விளங்குகின்றது. இழிவாக எழுதப்பட்ட பாத்திரத்துக்கும் கண்ணியம் ஈந்தது அவர் திறமை.

எந்நாட்டார் வேடத்துக்கும் ஏற்றதெனக் கொள்ளப்பட்ட அம்முகத்தை, கற்றறிந்த கறுப்பின மனிதனாகக் காட்ட மட்டும் ஹாலிவுட் முதலாளிகள் விரும்பினாரில்லை. ஆகவே, 1916-இலேயே ஜான்ஸன் நண்பர்களுடன் லிங்கன் திரைப்பட நிறுவனத்தைத் தோற்றுவித்தார். அதன் முதற்படத்தில், எண்ணெய் வயல்களில் வேலை தேடிச் செல்லும் கறுப்பினப் பொறியியல் பட்டதாரியாகத் தாமே நடித்தார். ஆனால், அவருக்கு ஊதியம் அளித்தது யூனிவர்ஸல் நிறுவனம். 1918-இல் அவர் லிங்கனை விட்டு விலகினார். யூனிவர்ஸலின் நெருக்குதலே காரணம் என்பர். சில ஆண்டுகளில் லிங்கன் நிறுவனமும் மறைந்தது.

அப்பட்டதாரியின் படம் இன்று கிடைத்திலது. தீவுத் தலைவரின் படமோ உலகெங்கும் ஓடுகின்றது. ஒரு நடிகரை மதிப்பிடுவோர், அவர் பூண்ட வேடங்களோடு அவருக்கு மறுக்கப்பட்ட வேடங்களையும் எண்ணுதல் கடனாகும்.