கருவியா, கர்த்தாவா?

நடிகைகளைப் பற்றி எழுதுகிறவர்களிடம் பழைய பழக்கம் ஒன்று உண்டு. படம் நன்றாக அமைந்துவிட்டால் பெருமையை டைரக்டருக்குக் கொடுத்துவிடுவார்கள். அமையாவிட்டால் பழியை நடிகையின் தலையில் போடுவார்கள். நடிகை என்பவள் வீணை, வாசிக்கிறவர் வேறொருவர் என்ற எண்ணமே இதற்கு அடிப்படை. நல்ல வீணைக்கு நாதம் உண்டு என்பதை ஒப்புக்கொள்வார்கள். ஆனால் தன்னை வாசிக்க இன்னார்தான் வேண்டும் என்று தானே தேடிப் போன வீணை எங்காவது உண்டா என்று மட்டும் கேட்கமாட்டார்கள்.

மெக்ஸிகோ தேசத்து நடிகை ஸில்வியா பினால் அப்படித் தேடிப் போனவர். 1931-ஆம் வருஷம் செப்டம்பர் மாதம் சோனோரா மாகாணத்தில் குவாய்மாஸ் என்ற துறைமுக ஊரில் பிறந்தவர். 2024 நவம்பர் 28-ஆம் தேதி, தமது 93-ஆம் வயதில், மெக்ஸிகோ நகரில் காலமானார். இடையில் எழுபது வருஷத்துக்கு மேல் சினிமா, நாடகம், டெலிவிஷன் மூன்றையும் விடாமல் பார்த்துக்கொண்டார். இவ்வளவு நீண்ட வாழ்க்கையிலிருந்து உலக சினிமா சரித்திரம் எடுத்து வைத்துக்கொண்டிருப்பது மூன்றே படங்கள். மூன்றும் லூயிஸ் புனுவெல் டைரக்ட் செய்தவை. அந்தச் சரித்திரத்தில் அவருக்கு ‘புனுவெலின் நடிகை’ என்று பெயர். மெக்ஸிகோவின் சாதாரண வீடுகளிலோ புனுவெல் யார் என்று தெரியாதவர்களுக்கும் ஸில்வியா பினாலைத் தெரியும். இருபது வருஷமாக அவர்கள் கூடத்துக்கு டெலிவிஷன் வழியே வந்துபோன அம்மாள் அவர். இந்த இரண்டு கூட்டத்தாரும் ஒருவர் சொல்வதை மற்றவர் காதில் போட்டுக்கொள்வதில்லை. இரு சாராரும் பார்ப்பது ஒரே பெண்ணைத்தான் என்பது என் கட்சி.

ஆரம்பத்தில் அவருக்குப் பாட்டில்தான் ஆசை. ஆபீஸில் காரியதரிசி வேலை, ரேடியோவில் ஹாஸ்ய நாடகம் என்று தொடங்கி 1949-இல் சினிமாவுக்கு வந்தார். டின் டான் என்ற பெயர்பெற்ற விகடருடன் நடித்தார். மெக்ஸிகோ மக்களின் கண்மணியான பெத்ரோ இன்ஃபாந்தேயுடன் நடித்தார். அந்நாட்டின் பெரிய சினிமாப் பரிசான அரியெலும் கிடைத்தது. 1956-இல் தியெகோ ரிவேரா அவரை ஆளுயரப் படமாக எழுதினார். அழகியாகவும் நட்சத்திரமாகவும் இருப்பதற்கு வேண்டியதெல்லாம் முப்பது வயதுக்குள் வந்துவிட்டது. பெரும்பாலோர் இந்த இடத்தில் நின்றுவிடுவார்கள்.

அந்தக் காலத்துப் படங்களில் பல மறக்கத் தக்கவை. ஆனால் அவற்றில் அவர் கற்றுக்கொண்ட ஒன்றை மறக்கக்கூடாது. ஹாஸ்யம் செய்கிறவர்களுக்குக் காலக்கணக்குத் தெரியும். எப்போது பேசுவது என்பதைவிட எப்போது சும்மா இருப்பது என்பது தெரியும். தாம் சிரிக்காமல் பிறரைச் சிரிக்க வைக்கத் தெரியும். இந்த வித்தை இல்லாத ஒரு சோக நடிகையிடம் பிற்பாடு வந்த பெரிய வேஷங்கள் போயிருந்தால், அவை அழுது வடிந்திருக்கும்.

புனுவெல் ஸ்பெயின் தேசத்தவர். உள்நாட்டு யுத்தத்தினால் நாட்டைவிட்டுப் போய், 1946 முதல் மெக்ஸிகோவில் வாழ்ந்தவர். அவருடைய படத்தில் நடித்தே தீருவது என்று ஸில்வியா தீர்மானித்தார். அப்போது அவர் கணவர் குஸ்தாவோ அலாத்ரிஸ்தே, வியாபாரி. மனைவியின் விருப்பத்துக்காக அவர் பணம் போட முன்வந்தார். இஷ்டம்போல் எடுத்துக்கொள்ளலாம் என்று டைரக்டரிடம் விட்டுவிட்டார். அப்படிப் பிறந்ததுதான் ‘விரிதியானா’. புனுவெல் பல வருஷத்துக்குப் பிறகு தாய்நாட்டுக்குத் திரும்பி ஸ்பெயினில் எடுத்த படம். 1961-இல் கான் விழாவில் முதற்பரிசை ஒரு பிரெஞ்சுப் படத்தோடு பங்கிட்டுக்கொண்டது. உடனே வாடிகனின் பத்திரிகை கண்டித்தது. பிராங்கோ சர்க்கார் தடை போட்டது. பரிசை மேடையேறி வாங்கிய ஸ்பானிய சினிமா இலாகா அதிகாரி பதவி இழந்தார். ஸ்பெயின் ஜனங்கள் அதைப் பார்க்க 1977 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. பிரதி ஒன்றைத் தாமே மெக்ஸிகோவுக்குக் கொண்டுபோய்க் காப்பாற்றியதாக ஸில்வியா பிற்காலத்தில் சொல்லி வந்தார்.

கதை எளிது. கன்னிகாஸ்திரீயாக விரதம் ஏற்கப்போகும் விரிதியானா, அதற்குமுன் தன் மாமனைப் பார்க்கக் கிராமத்துக்கு வருகிறாள். மாமன் இறந்துபோன தன் மனைவியின் கல்யாண உடையை அவளுக்கு உடுத்திப் பார்க்கிறான். மயக்க மருந்து கொடுக்கிறான். பிறகு வெட்கத்தில் தூக்குப் போட்டுக்கொள்கிறான். மடத்துக்குத் திரும்பாமல், ஊர்ப் பிச்சைக்காரர்களைக் கூட்டிவைத்துச் சோறு போட்டுத் தர்மம் செய்யத் தொடங்குகிறாள் அவள். அவர்களோ ஒரு நாள் வீட்டில் ஆளில்லாத சமயம் பார்த்துக் குடித்துக் கூத்தடித்து, திரும்பி வந்தவளின் மேலேயே கை வைக்கிறார்கள்.

இந்தப் பாத்திரத்தை இரண்டு விதமாகக் கெடுக்கலாம். அவளை ஒரு தியாகச் சுடராக்கி நம்மை அழ வைக்கலாம்; அல்லது வேஷக்காரி என்று காட்டி நம்மைப் பரிகசிக்க வைக்கலாம். ஸில்வியா இரண்டையும் செய்யவில்லை. பசுவின் மடியைத் தொடச் சொல்லும்போது அவள் விரல்கள் சுருங்கிக்கொள்கின்றன. கைப்பெட்டியில் முள்முடியும் ஆணிகளும் எடுத்துவந்தவளுக்கு ஒரு மாட்டின் காம்பைப் பிடிக்க முடியவில்லை! இது பெரிய வேடிக்கை. ஆனால் இது வேடிக்கை என்பது விரிதியானாவுக்குத் தெரியாது. தெரியாது என்பதை அந்த முகம் சத்தியமாகச் சொல்கிறது. தூக்கத்தில் நடந்துவந்து சாம்பலை அள்ளி மாமன் படுக்கையில் கொட்டுகிற காட்சியிலும் பயங்காட்டும் முயற்சியே இல்லை. வீட்டுவேலை செய்கிற பெண்ணின் மும்முரத்தோடு அதைச் செய்கிறாள். அதனால்தான் நமக்கு நடுக்கம் வருகிறது.

கடைசிக் காட்சிதான் எனக்கு முக்கியம். எல்லாம் இடிந்துபோன பிறகு, உடைந்த கண்ணாடித் துண்டில் முகம் பார்த்துக்கொண்டு, கூந்தலை அவிழ்த்துவிட்டு, மாமன் மகனின் அறைக் கதவைத் தட்டுகிறாள். அவள் உள்ளே போவதோடு கதை முடிவதைத் தணிக்கைக்காரர்கள் ஒப்பவில்லையாம். புனுவெல் மாற்றி எழுதினார்: உள்ளே அவனோடு வேலைக்காரியும் இருக்கிறாள், மூன்று பேருமாகச் சீட்டாட உட்காருகிறார்கள். அதிகாரிகள் திருப்தியடைந்தார்கள். புதிய முடிவு பழையதைவிட விபரீதம் என்பது அவர்களுக்குப் பிறகுதான் உறைத்தது. இந்தக் காட்சியில் விரிதியானாவுக்குப் பேச்சே கிடையாது என்று சொல்லலாம். சீட்டுக் கட்டை அவள் கையில் கொடுக்கிறார்கள். அவள் முகத்தில் இருப்பது தோல்வியா, விடுதலையா, வெறும் களைப்பா? நானும் ஒரு கதாசிரியன். இந்த இடத்தில் மூன்று பக்கம் மனோதத்துவம் எழுதத் தூண்டுகிற சபலம் எனக்குத் தெரியும். அந்த அம்மாள் ஒன்றுமே எழுதாமல் விட்டுவிட்டார். டைரக்டர் மேஜையைப் போட்டார், சீட்டைக் கொடுத்தார், அந்த மௌனத்தை அவரால் கொடுக்க முடியாது. அது நடிகையின் சொத்து.

அடுத்த படம் 1962-இல் வந்த ‘சம்ஹார தேவதூதன்’. விருந்துக்கு வந்த பெரிய மனிதர்கள், கதவு திறந்திருந்தும் அறையைவிட்டு வெளியேற முடியாமல் நாட்கணக்கில் அடைபட்டுக் கிடக்கிறார்கள். முதல் நாள் ராத்திரி யார் யார் எங்கே இருந்தார்களோ அதே இடத்தில் மறுபடி வந்து நிற்பதைக் கண்டு சொல்லி, வெளியேறும் வழியைக் காட்டுகிறவள் ஸில்வியாவின் பாத்திரம். மற்றபடி கூட்டத்தில் அவர் ஒருவர், அவ்வளவே. மூன்றாவது ‘பாலைவனத்துச் சீமோன்’. தூணின்மேல் நின்று தவம் செய்யும் சாமியாரைக் கலைக்க வரும் சாத்தானாக வருகிறார். பள்ளிக்கூடச் சிறுமிபோல் வருகிறார். தாடி வைத்துக்கொண்டு நல்ல மேய்ப்பனாக ஆட்டுக்குட்டியைச் சுமந்து வந்து, காரியம் பலிக்காவிட்டால் அதே குட்டியை உதைக்கிறார். டின் டானிடம் பழகிய காலக்கணக்கு இங்கே பலன் கொடுத்தது. பணம் தீர்ந்துபோனதால் படம் முக்கால் மணி நேரத்தில் நின்றுவிட்டது. அப்படியும் 1965-இல் வெனிஸ் விழாவில் விசேஷப் பரிசு பெற்றது. நாலு வருஷத்துக்குள் ஒரே நடிகை கன்னிகாஸ்திரீயாகவும் சாத்தானாகவும் நம்பும்படி நடித்ததை நான் வேறெங்கும் கண்டதில்லை.

பிரான்ஸில் புனுவெல் எடுத்த ‘ஒரு வேலைக்காரியின் டயரி’யிலும் நடிக்க ஸில்வியா ஆசைப்பட்டார். அந்த வேஷம் ழான் மோரோவுக்குப் போய்விட்டது. அலாத்ரிஸ்தேயுடன் வாழ்ந்த வாழ்வும் முறிந்தது. அவர்களுக்குப் பிறந்த பெண்ணுக்கு விரிதியானா என்றுதான் பெயர் வைத்திருந்தார்கள். அவளும் நடிகையானாள். 1982-இல், பத்தொன்பதாம் வயதில், மோட்டார் விபத்தில் மாண்டாள். இதைப் பற்றி நான் அதிகம் எழுதப்போவதில்லை. தமது மிகச் சிறந்த படத்தின் பெயரை அதற்குப்பின் உச்சரித்த ஒவ்வொரு தடவையும் அந்தத் தாய்க்கு எப்படி இருந்திருக்கும் என்பதை வாசகர்களே ஊகிக்கலாம்.

1985 செப்டம்பரில் மெக்ஸிகோ நகரைப் பூகம்பம் குலுக்கியது. அதையடுத்த மாதங்களில்தான் ‘பெண்: நிஜவாழ்க்கைச் சம்பவங்கள்’ என்ற டெலிவிஷன் நிகழ்ச்சியைத் தொடங்கினார். பெண்கள் எழுதி அனுப்பும் கடிதங்களை நாடகமாக்கிக் காட்டுவது; முன்னும் பின்னும் ஸில்வியா தோன்றி நாலு வார்த்தை சொல்வது. அடிக்கிற புருஷன், கைவிட்ட மகன், வெளியே சொல்ல முடியாத அவமானம் எல்லாம் வந்தன. 2007 வரை நடந்தது. சினிமா விமர்சகர்கள் இதை ஒரு வீழ்ச்சியாக நினைத்து முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். கலையென்று பார்த்தால் அவர்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. கண்ணீர் மிகை; நல்லது கெட்டது எப்போதும் தெளிவு; நிகழ்ச்சி நேரத்துக்குள் முடிச்சு அவிழ்ந்தாக வேண்டும். வாழ்க்கை எழுதும் கடிதங்களுக்கு முடிவு கிடையாது. விரிதியானாவின் சீட்டாட்டத்தில் முடிவு சொல்ல மறுத்தவரே இங்கே வாரந்தோறும் முடிவு சொல்லிக்கொண்டிருந்தார்.

ஆனால் பத்திரிகையில் வாரந்தவறாமல் எழுதி ஜீவிக்கிற எனக்கு இதை அவ்வளவு சுலபமாகத் தள்ள மனம் வரவில்லை. தன் வீட்டில் நடப்பதை யாரிடமும் சொல்ல முடியாத ஒரு பெண், காகிதமும் பேனாவும் எடுத்து இந்த அம்மாளுக்கு எழுதலாம் என்று நினைத்தாள் அல்லவா? அந்த நம்பிக்கை சும்மா வராது. எதிரே இருப்பவரை எடைபோடாமல் பார்க்கத் தெரிந்த முகத்திடம்தான் வரும். பிச்சைக்காரர்களின் நடுவே விரிதியானாவுக்கு இருந்ததும் அந்த முகம்தான். ஒரு மகா கலைஞன் அதை வைத்துத் தர்மத்தின் அறியாமையைக் காட்டினான். டெலிவிஷன் அதை வைத்து ஆறுதல் சொன்னது. முதலாவது உயர்ந்த கலை, இரண்டாவது அப்படியல்ல. மூலதனம் இரண்டுக்கும் ஒன்றே, அதற்குச் சொந்தக்காரரும் ஒருவரே.

புனுவெல் இல்லாமலும் ஸில்வியா பினால் நட்சத்திரமாகவே இருந்திருப்பார். ஸில்வியா பினால் இல்லாமல் ‘விரிதியானா’ பிறந்திருக்காது. அவரைப் ‘புனுவெலின் நடிகை’ என்று இத்தனை காலமும் எழுதியாயிற்று. புனுவெலை ‘ஸில்வியா பினாலின் டைரக்டர்’ என்று ஒரு தடவையாவது யாராவது எழுதிப் பார்க்கலாம். தப்பொன்றும் வந்துவிடாது.