சான்றும் சார்பும்: கொலைக்களக் காதையில் பொற்கொல்லன் கூற்று

கோவலன் கொலைக்கு ஊழும் பொற்கொல்லனின் வஞ்சமுமே காரணங்களாகப் பெரிதும் எடுத்துரைக்கப்படுகின்றன. சான்றாய்வு நோக்கில் கொலைக்களக் காதையை அணுகின் மற்றொரு பிழையும் புலப்படும்.

வடிவேலு தேவர் எதிர் சென்னை மாநிலம் (1957) வழக்கில் உச்ச நீதிமன்றம் சாட்சிகளை மூவகைப்படுத்தியது: முழுதும் நம்பத்தக்கோர், முழுதும் நம்பத்தகாதோர், இவ்விரண்டிலும் அடங்காதோர். மூன்றாம் வகையினரின் கூற்றுக்கு வேறு சான்றின் துணை வேண்டும். பாண்டியனும் ஒருவகையில் துணைச்சான்றை எதிர்நோக்குகிறான். கள்வன் கையில் சிலம்பு இருப்பின் கொல்லுமாறே ஆணையிடுகிறான். ஆயின் அச்சிலம்பு அரசியினுடையது என்பதற்குப் பொற்கொல்லன் சொல்லன்றி வேறு ஆதாரமில்லை. சொல்லுக்குச் சிலம்பு சான்று. சிலம்புக்கு அச்சொல்லே சான்று. கோவலனின் தோற்றம் கண்டு காவலர் ஐயுற்றபோது, களவுநூல் காட்டி அவ்வையத்தைப் போக்குபவனும் பொற்கொல்லனே. கோவலன் வினவப்படவே இல்லை.

வழக்குரை காதையில் சிலம்பு உடைக்கப்பட்டு, முத்துக்கு மாறாக மாணிக்கப் பரல் தெறிக்கிறது. இச்சோதனை கொலைக்கு முன்பே இயன்றதுதான். எனவே பொய்யுரையை நம்பியதைவிட, அதனைச் சாராத சான்றைத் தேடாமையே இளங்கோவடிகள் காட்டும் அரசியல் பிழை எனக் கொள்ளலாம்.